பாலம் வருது, வாங்க

லைசென்ஸ் அட்டையைக் கழுத்தில் மாட்டிக்கொண்டு புதிதாக இந்த கைடு வேலைக்கு வந்திருக்கும் பிள்ளைகளே, போன வாரம் யாங்கோன் கியாக்டடா டீக்கடையில் என்னைப் பிடித்து உட்கார வைத்து ஒரு கேள்வி கேட்டீர்கள். பகோடா என்றால் பேசிவிடுகிறோம், மார்க்கெட் என்றால் பேசிவிடுகிறோம், அந்த மரண ரயில் முகாம் இருந்த இடத்துக்கு ஆட்களைக் கூட்டிப் போனால் மட்டும் நாக்கு ஒட்டிக்கொள்கிறது, அங்கே என்னதான் பேசுவது என்று கேட்டீர்கள். நான் டீயைக் குடித்துவிட்டு மழுப்பிவிட்டு வந்துவிட்டேன். தின்கன்ஜூன் பஸ்ஸில் நின்றுகொண்டு வரும்போது அது உறுத்தியது. கேட்ட கேள்விக்குப் பதில் சொல்லாமல் வருகிற வயதா எனக்கு? அதனால் எழுதுகிறேன். உங்களில் பாதிப் பேருக்குத் தமிழ் காதில் விழுந்தால் புரியும், கண்ணில் பட்டால் புரியாது. வாசிக்கத் தெரிந்தவர்கள் மற்றவர்களுக்கு வாசித்துக் காட்டுங்கள். அது உங்கள் பாடு.

ரயில் எப்போது போட்டார்கள், எத்தனை மைல், எத்தனை பேர் என்பதெல்லாம் உங்கள் ஃபோனிலேயே இருக்கிறது. அதைச் சொல்ல நான் வேண்டியதில்லை. ஒன்றை மட்டும் மனதில் வைத்துக்கொள்ளுங்கள். ஜப்பான்காரர்கள் சயாமிலிருந்து பர்மாவுக்கு அந்த ரயிலைப் போட்டபோது, பிடிபட்ட வெள்ளைக்காரச் சிப்பாய்களையும் வேலை வாங்கினார்கள், மலாயா ரப்பர் தோட்டத்துத் தமிழர்களையும் வேலை வாங்கினார்கள். செத்துப்போன சிப்பாய்களுக்கு இன்றைக்கு வரிசை வரிசையாகக் கல்லறை இருக்கிறது, புல்வெளி இருக்கிறது, பெயர் வெட்டிய பலகை இருக்கிறது. நம்மவர்களுக்கு ஒன்றும் இல்லை. விழுந்த இடத்திலேயே மண்ணைப் போட்டு மூடிவிட்டுப் போய்விட்டார்கள்.

எனக்கு இந்த வேலையைப் பழக்கிய சீனியர் ஒருவர் மாவ்பி போகும் ரோட்டில் இருக்கிற போர்க் கல்லறைத் தோட்டத்துக்குப் போனால் கையைப் பின்னால் கட்டிக்கொண்டுதான் நடப்பார். பகோடாவில் விரலை நீட்டி நீட்டிப் பேசு, இங்கே நீட்டாதே, நீ சும்மா நீட்டிய இடத்தில் ஒருத்தர் மண்டி போட்டு அழ ஆரம்பித்துவிடுவார், அப்புறம் அதைத் திரும்ப வாங்க முடியாது என்பார். அப்போது எனக்குச் சிரிப்பு வந்தது. அவர் சொன்னது எவ்வளவு பெரிய விஷயம் என்பது அஞ்சலையம்மா வந்த பிறகுதான் எனக்குத் தெரிந்தது.

வெளிநாட்டுக்காரர்கள் கூட்டம் கூட்டமாக வந்துகொண்டிருந்த சீசன் அது. மலேசியாவிலிருந்து ஒரு அம்மாவும் மகனும் வந்தார்கள். அம்மாதான் அஞ்சலை. எழுபதைத் தாண்டியவர். ரப்பர் தோட்டத்தில் பால் வெட்டியே பிள்ளைகளைப் படிக்க வைத்தவர். மகன் குணசேகரன் கிள்ளானில் வக்கீல். அஞ்சலையம்மா வயிற்றில் இருந்தபோதே அவருடைய அப்பாவைத் தோட்டத்திலிருந்து ரயில் போடப் பிடித்துக்கொண்டு போய்விட்டார்கள். பர்மா பக்கத்து முகாமில் காய்ச்சலில் போய்விட்டார் என்று தப்பி வந்த ஒருவர் சொன்னதோடு சரி. அந்த இடத்துக்கு ஒரு தடவை போய், அப்பா என்று ஒரு வார்த்தை கூப்பிட்டுவிட்டு வர வேண்டும் என்பதுதான் அந்த அம்மாவின் ஆசை. பிறந்ததிலிருந்து யாரையும் பார்த்து அந்த வார்த்தையை அவர் சொன்னதே இல்லை. இதை அவர் யாங்கோன் ஹோட்டல் வாசலில், வேனில் ஏறும்போதே, பஸ் கட்டணம் சொல்வது போலச் சாதாரணமாகச் சொன்னார். 

வேன் ஓட்டியது கோ மியின். வாயில் எப்போதும் வெற்றிலை. தமிழில் அவருக்குத் தெரிந்த ஒரே சொல் சாப்பாடு. அஞ்சலையம்மா அவரைத் தம்பி என்று தமிழில் கூப்பிட்டு முறுக்குக் கொடுப்பார். அவர் அமே, அதாவது அம்மா, என்று பர்மிய மொழியில் சொல்லி வாங்கிக்கொள்வார். மோல்மேன் போய்ச் சேர்வதற்குள் இரண்டு பேரும் ஏதோ சொந்தக்காரர்கள் மாதிரி ஆகிவிட்டார்கள். நடுவில் மொழிபெயர்க்க நான் எதற்கு என்று எனக்கே தோன்றியது.

அன்றிரவு மோல்மேனில் தங்கினோம். காலையில் கிளம்பும் முன் குணசேகரன் என்னைத் தனியாக அழைத்துப் போனார்.

"அண்ணே, எங்கம்மாவுக்கு இனிமே இவ்வளவு தூரம் வர ஒடம்பு தாங்காது. அங்க போயி ஏதாச்சும் ஒரு எடத்தக் காட்டி, இதுதான்னு சொல்லிடுங்க. எந்த எடமா இருந்தா என்ன லா? அவங்க மனசு ஆறட்டும்."

ஊரில் ஆதாரம் எங்கே, ஆதாரம் எங்கே என்று எத்தனை பேரைக் கூண்டில் நிறுத்தி உலுக்கியிருப்பாரோ, அந்த வக்கீல் என்னிடம் ஆதாரமே இல்லாமல் சாட்சி சொல்லச் சொல்கிறார். ஆனால் அவர் மேல் எனக்குக் கோபம் வரவில்லை. அம்மா மேல் இருக்கிற பிரியத்தில் கேட்கிறார். ஆமாம் என்றும் இல்லாமல் இல்லை என்றும் இல்லாமல் தலையை ஆட்டுவோமே, அப்படி ஆட்டிவிட்டு வேனில் ஏறினேன். வழியெல்லாம் எனக்குள்ளேயே வாதாடிக்கொண்டு வந்தேன். ஒரு பொய், ஒரு கிழவியின் நிம்மதி, யாருக்கு என்ன நஷ்டம் என்று ஒரு பக்கம். இன்னொரு பக்கம் ஒழுங்காக ஒரு காரணமும் கிடைக்கவில்லை. மனது ஒத்துக்கொள்ளவில்லை, அவ்வளவுதான்.

அந்த ரயில் பர்மா பக்கம் வந்து முடிந்த தன்பியுசயாத்தில் பழைய ரயில் எஞ்சின், தண்டவாளம், கூலியாட்கள் மாதிரிச் செய்துவைத்த சிமெண்டுச் சிலைகள் எல்லாவற்றையும் காட்டினேன். அஞ்சலையம்மா எஞ்சினைப் பார்க்கவில்லை. ஒவ்வொரு சிலையின் முகத்தையும் குனிந்து குனிந்து பார்த்தார். அங்கே இருக்கிற சிப்பாய்கள் கல்லறைத் தோட்டத்தில் ஒவ்வொரு பலகையாக நின்று, இது நம்மாளா, இது நம்மாளா என்று கேட்டார். இல்லையம்மா, இல்லையம்மா என்று சொல்லிக்கொண்டே வந்தேன். சொல்லச் சொல்ல என் குரல் சிறுத்துக்கொண்டே போனது. கடைசியில் அவர் நின்றுவிட்டார்.

"அப்ப எங்கப்பா எந்தப் பக்கம் தம்பி?"

குணசேகரன் என்னைப் பார்த்தார். பக்கத்தில் பெரிய தூங்குமூஞ்சி மரம் ஒன்று நின்றது. கையைக் கொஞ்சம் தூக்கினால் போதும். அந்த அம்மா அங்கே போய் விழுந்து கும்பிட்டு, அப்பா என்று கூப்பிட்டு, ஆறிப்போய் ஊருக்குத் திரும்பியிருப்பார். ஆனால் அவர் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். வழி தெரிந்தவன் என்று நம்பிக் கேட்கிறவரின் பார்வை அது. எனக்குக் கை எழவில்லை.

"தெரியாதும்மா," என்றேன். "யாருக்கும் தெரியாது. நம்மாளுங்களுக்கு யாரும் கல்லு வைக்கல. இந்த ரயில் போன பக்கமெல்லாம் இருக்காங்க."

அந்த அம்மா அழவில்லை. மெதுவாகப் போய் ஒரு பெஞ்சில் உட்கார்ந்து, முந்தானையை மடியில் இழுத்து வைத்துக்கொண்டார். மகன் என்னிடம் வந்து, இதைச் சொல்லத்தான் இவ்வளவு தூரம் கூட்டி வந்தீர்களா என்று பல்லைக் கடித்துக்கொண்டு கேட்டுவிட்டு அந்தப் பக்கம் நடந்துவிட்டார். பிள்ளைகளே, நம் வேலையில் சொல்வதற்கு ரொம்பக் கஷ்டமான சொல் தெரியாது என்பதுதான். சொன்ன பிறகு என்ன செய்வது என்பது அதைவிடக் கஷ்டம். சொல்லிவிட்டு நிற்கிறேன், கையிலே ஒன்றுமில்லை. நான் ஒரு நல்ல காரியத்தைக் கெடுத்துவிட்டேனோ என்று பயமாக இருந்தது.

வேனுக்குப் போனேன். கோ மியின் எல்லாவற்றையும் தூரத்திலிருந்து பார்த்திருக்கிறார். அமேயிடம் என்ன சொன்னீர்கள், சயா, ஏன் அப்படி உட்கார்ந்திருக்கிறார் என்று கேட்டார். சயா என்றால் வாத்தியார். டிரைவர்கள் நம்மை அப்படித்தான் கூப்பிடுவார்கள். சொன்னேன். அவர் வெற்றிலையைத் துப்பிவிட்டு, இடம் தெரியாவிட்டால் என்ன, கூப்பிட்டுக் கூட்டிப் போக வேண்டியதுதானே என்றார். இதில் யோசிக்க என்ன இருக்கிறது என்பது போல.

உங்களில் பர்மியச் சம்பந்தம் உள்ள வீட்டுப் பிள்ளைகளுக்கு இது தெரிந்திருக்கும். அவர்கள் உயிருக்கு லெய்ப்பியா என்பார்கள். வண்ணத்துப்பூச்சிக்கும் அதே சொல்தான். வெளியூரில் யாராவது இறந்துபோனால் வீட்டு ஆள் அந்த ஊருக்குப் போய், ஒரு சின்னக் கொப்பை ஒடித்துக் கையில் பிடித்துக்கொண்டு, பெயரைச் சொல்லி, வா வீட்டுக்குப் போகலாம் என்று கூப்பிடுவார். லெய்ப்பியா அந்தக் கொப்பில் வந்து உட்காரும். வருகிற வழியில் ஆறு வந்தால், பாலம் வந்தால், சத்தமாகச் சொல்லி அழைத்து வர வேண்டும். சொல்லாவிட்டால் அது கரையிலேயே நின்றுவிடும். என் பர்மிய நண்பர்கள் வீட்டில் இதைப் பார்த்திருக்கிறேன். அன்றைக்கு அங்கே எனக்கு இது ஞாபகத்துக்கே வரவில்லை. கல்லறை, கல்வெட்டு என்று படித்ததையே தலையில் சுமந்துகொண்டு அலைந்தேன்.

அஞ்சலையம்மாவிடம் போய்ச் சொன்னேன். அவர் கவனமாகக் கேட்டார். கேட்டு முடித்ததும் எழுந்துவிட்டார். கோ மியின் வேலியோரம் நின்ற ஏதோ ஒரு செடியில் கை வைக்கப் போனார். அந்த அம்மா வேண்டாம் என்று தலையாட்டி, ரோட்டுக்கு அந்தப் பக்கம் காட்டினார். அங்கே ரப்பர் தோட்டம். அந்த ஜில்லா முழுக்க ரப்பர்தானே.

"அவருக்குத் தெரிஞ்ச மரம் பால்மரந்தான். அதுலதான் வந்து ஒக்காருவாரு."

கோ மியின் போய்த் தோட்டக்காரரிடம் விஷயத்தைச் சொன்னதும், எந்த மரம் வேண்டுமானாலும் ஒடித்துக்கொள்ளுங்கள் என்று அவர் ஒதுங்கி நின்றுவிட்டார். அஞ்சலையம்மாவே ஒரு இளங்கொப்பை ஒடித்தார். ஒடித்த இடத்தில் பால் சொட்டியது. அதைப் பெருவிரலால் துடைத்துப் புடவையில் தடவிக்கொண்டார். நாங்கள் ரோட்டைத் தாண்டியதைப் பார்த்து மகனும் வந்து சேர்ந்தார். முகத்தில் கோபம் போகவில்லை. ஆனாலும் அம்மா வெயிலில் நிற்கிறார் என்று குடையைப் பிடித்துக்கொண்டார்.

இப்போது பெயரைச் சொல்லிக் கூப்பிடச் சொல்லுங்கள் என்றார் கோ மியின். அஞ்சலையம்மா வாயைத் திறக்கவில்லை. அம்மா மறந்துவிட்டார் என்று நினைத்து குணசேகரன், பழனியாண்டி, தாத்தா பெயர் பழனியாண்டி, எல்லாப் பேப்பரிலும் அப்படித்தான் இருக்கிறது என்றார்.

"அது இல்லடா," என்றார் அந்த அம்மா.

மகனுக்கே அது புதுச் செய்தி. அந்த வெயிலில் நின்றபடியே அஞ்சலையம்மா சொன்னார். குழந்தை பிறந்ததைப் பதிய அவருடைய அம்மா தோட்டத்து ஆபீசுக்குப் போயிருக்கிறார். அங்கே கணக்கு எழுதுகிற கிராணி, புருஷன் பெயர் என்ன என்று கேட்டிருக்கிறார். புருஷன் பெயரை வாயால் சொல்லலாமா? சொல்லவில்லை. மலை மேல் நிற்கிற சாமி பெயர் என்று சொல்லிவிட்டு வெட்கப்பட்டுக்கொண்டு நின்றிருக்கிறார். கிராணிக்கு நேரமில்லை, பழனியாண்டி என்று எழுதிவிட்டார். அது தப்பென்று சொல்ல வேண்டுமானால் சரியானதைச் சொல்ல வேண்டும். அதைச் சொல்ல வாய் வராமல் அந்தப் பெண் வீட்டுக்கு வந்துவிட்டார். அஞ்சலையம்மா சின்னப் பிள்ளையாக இருக்கும்போதே அவரும் போய்விட்டார். வளர்த்தது வேறு தோட்டத்திலிருந்த பெரியம்மா. கிராணி எழுதியது தப்பு என்று தங்கை சொல்லிச் சிரித்தது மட்டும்தான் அந்தப் பெரியம்மாவுக்குத் தெரியும். சரி எது என்று தெரியாது. முருகனோ, வேலுவோ, கந்தனோ, தண்டபாணியோ. மலை மேல் நிற்கிற சாமிக்கு நாம் வைத்திருக்கும் பெயர் ஒன்றா இரண்டா?

நமக்கு மரியாதை ஜாஸ்தி. அந்த மரியாதையில் ஒரு மனிதனின் பெயரே தொலைந்துவிட்டது. எனக்கு அங்கே சிரிப்பதா அழுவதா என்று தெரியவில்லை. குணசேகரன் குடையை அப்படியே பிடித்துக்கொண்டு அம்மாவைப் பார்த்தபடி நின்றார். அம்மாவின் அடையாள அட்டை தொடங்கி எத்தனை பேப்பரில் அந்தக் குடும்பம் பழனியாண்டி பெயரைச் சுமந்திருக்கும்! ஏன் இத்தனை நாள் சொல்லவில்லை என்று கேட்டார். சொல்லி என்ன செய்வது, வேறு பெயர் கையில் இருந்தால்தானே என்றார் அந்த அம்மா.

பிறகு அவர் எங்களில் யாரையும் கேட்கவில்லை. கொப்பை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு தண்டவாளம் போகும் பக்கமாகத் திரும்பினார்.

"அப்பா. வாங்கப்பா. வீட்டுக்குப் போலாம், வாங்க."

அவ்வளவுதான். பெரிதாகக் கத்தவில்லை. சாப்பாட்டுக்குக் கூப்பிடுகிற குரல்தான். எழுபது வருஷத்துக்கு மேல் உள்ளே வைத்திருந்த சொல் அப்படித்தான் வந்தது. எனக்குக் கண்ணீர் வந்துவிட்டது. அதை மறைக்கவும் இல்லை.

கோ மியின் என்னைத் தோளில் தொட்டு, என்ன சொன்னார் என்று கேட்டார். அப்பா, வாங்க என்று கூப்பிட்டார் என்றேன். பெயர் சொல்லவில்லையா என்றார். இல்லை என்றேன். அவர் முகம் மாறிவிட்டது. பெயர் சொல்லாமல் கூப்பிட்டால் எப்படி, சயா, இங்கே கிடக்கிறவர்கள் எல்லோரும் யாரோ ஒரு பிள்ளைக்கு அப்பாதானே, அத்தனை பேரும் எழுந்து வந்துவிட்டால் என்ன செய்வது என்றார். அவர் விளையாட்டுக்குச் சொல்லவில்லை. நிஜமாகவே கவலைப்பட்டார். அதைவிட மோசம், வாங்க என்ற நம் சொல்லை நான் யோசித்தேன். மரியாதைக்குரிய ஒருத்தருக்கும் அதுதான், கூட்டத்துக்கும் அதுதான். அந்த அம்மா கூப்பிட்ட கூப்பாட்டில் யாருக்கும் விலக்கே இல்லை.

தம்பி என்ன சொல்கிறார் என்று அஞ்சலையம்மா கேட்டார். மறைக்காமல் சொன்னேன். அவர் தண்டவாளத்தையும் பார்த்தார், ரோட்டில் நின்ற வேனையும் பார்த்தார்.

"வரட்டும் தம்பி. அவங்களயும் இத்தன வருசமா யாரும் வந்து கூப்பிட்டிருக்க மாட்டாங்க. வேன்ல எடம் இருக்குல்ல?"

இதை நான் கோ மியினுக்குச் சொன்னேன். அவர் வேனுக்குப் போனார். பின் சீட்டுகளில் கிடந்த பெட்டிகளையும் தண்ணீர்ப் பாட்டில்களையும் இறக்கிக் கூரை மேல் ஏற்றிக் கட்டினார். தோளில் கிடந்த துண்டால் ஒவ்வொரு சீட்டையும் துடைத்தார். எங்களை முன் வரிசைக்கு வரச் சொன்னார். வக்கீல் கால் மடக்க இடமில்லாமல் டிரைவர் பக்கத்தில் ஒடுங்கி உட்கார்ந்தார். பின்னால் அத்தனை சீட்டும் காலியாக வந்தது.

பிள்ளைகளே, இந்த இடத்தில் நான் உங்களுக்குச் சொல்ல நினைப்பது ஒன்றுதான். உங்களுக்குத் தெரியாததைத் தெரியாது என்று சொல்லுங்கள். சொல்லிவிட்டுச் சும்மா நிற்காமல் பக்கத்தில் இருக்கிறவரைக் கேளுங்கள். டிரைவரைக் கேளுங்கள். நாம் முன்னால் பார்த்துப் பேசிக்கொண்டே இருப்போம். அவர்களுக்கு நம் பாஷை தெரியாது, அதனால் முகத்தைப் பார்த்துக்கொண்டே இருப்பார்கள். நான் அன்றைக்கு மரத்தடியைக் காட்டியிருந்தால் அந்த அம்மா ஒரு மரத்துக்குக் கும்பிடு போட்டுவிட்டு வந்திருப்பார். கோ மியினும் அமேயிடம் என்ன சொன்னீர்கள் என்று கேட்டிருக்க மாட்டார்.

யாங்கோன் திரும்பும் வழியில் சல்வீன் ஆற்றுப் பாலம் வந்தபோது அஞ்சலையம்மாவே பின்னால் திரும்பி, பாலம் வருதுப்பா, வாங்க என்று சொன்னார். அப்புறம் சின்ன வாய்க்கால் பாலத்தைக்கூட அவர் விடவில்லை. மகன் முதலில் ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டிருந்தார். பிறகு அம்மா கவனிக்காத ஒரு பாலத்தை அவரே காட்டிக்கொடுத்தார். தாட்டோன் தாண்டியதும் அந்த அம்மா அசந்து தூங்கிவிட்டார். கொப்பு மடியில் கிடந்தது, இலை வாட ஆரம்பித்திருந்தது.

பொழுது சாயும் நேரம். சித்தாங் ஆற்றுப் பாலம் தெரிந்தது. கோ மியின் வண்டியை மெதுவாக்கி, கண்ணாடியில் அந்த அம்மாவைப் பார்த்தார். எழுப்பட்டுமா என்று நான் கேட்டேன். வேண்டாம் என்றார். அமே என்ன சொல்கிறார், அதை எனக்குச் சொல்லிக்கொடுங்கள் என்றார். நீங்கள் பர்மிய பாஷையிலேயே சொல்லுங்களேன் என்றேன். பின்னால் இருக்கிறவர்கள் மலாயாக்காரர்கள், சயா, அவர்களுக்கு நம் பாஷை எப்படிப் புரியும் என்றார்.

சொல்லிக்கொடுத்தேன். அவர் வாய்க்குள் இரண்டு மூன்று முறை சொல்லிப் பார்த்தார். பாலத்தில் ஏறும்போது கண்ணாடியில் காலி சீட்டுகளைப் பார்த்து, தெளிவாகச் சொன்னார்.

"பாலாம் வர்து, வாங்கா."

அங்கிருந்து யாங்கோன் வரை ஒரு பாலத்தையும் அவர் விடவில்லை. 

கியாக்டடாவில் ஹோட்டல் வாசலுக்கு வந்தபோது ஊர் முழுக்க விளக்கு. சூலே பகோடா பக்கம் வழக்கம் போல பஸ்கள் ஒன்றை ஒன்று இடித்துக்கொண்டு நின்றன. நான் அஞ்சலையம்மாவைக் கைபிடித்து இறக்கினேன். அவர் கொப்பை நெஞ்சோடு பிடித்துக்கொண்டு படியேறினார். கோ மியின் இறங்கி வந்து பின் கதவை முழுக்கத் திறந்தார். எங்களில் இறங்குவதற்கு ஆள் மிச்சமில்லை. அவர் கதவைப் பிடித்துக்கொண்டே நின்றார். பின்னால் நின்ற பஸ்காரன் ஹாரன் அடித்தான். அப்புறம் இன்னொருத்தன். அவர் அசையவில்லை.

படியில் பாதி ஏறியிருந்த குணசேகரன் திரும்பிப் பார்த்தார். இறங்கி வந்தார். கதவருகே நின்று, சட்டையைச் சரிசெய்துகொண்டு, இருட்டாக இருந்த பின் சீட்டுகளைப் பார்த்தார்.

"தாத்தா, நாளைக்குத்தான் ஃப்ளைட்டு. இன்னிக்கு எல்லாரும் இங்கதான் தங்குறோம். பாத்து எறங்குங்க."

அவர் சொல்லி முடித்த பிறகும் கொஞ்ச நேரம் பொறுத்துத்தான் கோ மியின் கதவைச் சாத்தினார்.